அறுபதைத் தாண்டிய இரண்டு தம்பதிகள் ஒரே காரில் அமெரிக்கப் பாலைவனப் பூங்காக்களைச் சுற்றி வர முடியுமா?

உங்களுக்கு 66, மனைவிக்கு 63, கலிபோர்னியாவில் இருக்கிறீர்கள். கல்லூரித் தோழரும் அவர் மனைவியும் சென்னையிலிருந்து வருகிறார்கள். நால்வருமாகத் தென்மேற்குப் பாலைவன தேசியப் பூங்காக்களைக் காரில் சுற்ற ஆசை. முடியுமா, எந்த மாதம், ஆர்வி (படுக்கை, குளியலறையோடு கூடிய பெரிய வீட்டு வண்டி) எடுக்கலாமா என்று கேட்டிருக்கிறீர்கள்.

தாராளமாக முடியும். மலைப் பூங்காக்களைவிடப் பாலைவனப் பூங்காக்கள்தான் நம் வயதுக்குத் தோது என்பது என் கட்சி. இங்கே எதையும் மரம் மறைப்பதில்லை. பார்க்க வேண்டியதில் முக்கால்வாசி சாலையோரத்திலேயே கிடக்கிறது. வண்டியை நிறுத்தி, கைத்தடியோடு நூறு அடி நடந்தால் போதும். யோசெமிட்டியில் மகன் மேலே ஏறிப் போக, நாங்கள் கீழே பெஞ்சில் உட்கார்ந்து அவன் பையைக் காவல் காத்த அனுபவமும் உண்டு என்பதால் சொல்கிறேன்.

எங்கள் கூட்டு: நான், என் வீட்டுக்காரர், அவருடைய ஹாஸ்டல் அறைத்தோழர், தோழரின் மனைவி. அவரை நான் அக்கா என்றுதான் கூப்பிடுவேன். லாஸ் ஏஞ்சலஸ் பக்கத்திலிருந்து கிளம்பி ஜோஷுவா ட்ரீ, அரிசோனாவில் சகுவாரோ, நியூ மெக்சிகோவில் ஒயிட் சாண்ட்ஸ், திரும்பும் வழியில் பெட்ரிஃபைட் ஃபாரஸ்ட், கடைசியில் லாஸ் வேகஸ் வழியாக டெத் வேலி. பிப்ரவரிக் கடைசியில் கிளம்பினோம். அக்டோபர் கடைசி முதல் ஏப்ரல் தொடக்கம் வரை எப்போது வேண்டுமானாலும் போகலாம். கோடையில் வேண்டவே வேண்டாம். டெத் வேலியின் ஃபர்னஸ் க்ரீக்கில் 1913 ஜூலை 10 அன்று பதிவான 134 டிகிரி ஃபாரன்ஹீட்தான் (56.7 செல்சியஸ்) இன்றுவரை உலகச் சாதனை. அங்கே வெப்பநிலை காட்டும் பலகைக்குப் பக்கத்தில் நின்று படம் எடுக்க ஜூலையில் வருகிறவர்களும் இருக்கிறார்கள். அவர்கள் வயது வேறு.

இனி யாரும் உங்களுக்குச் சொல்லாத விஷயம். இந்தப் பூங்காக்கள் ஒன்றுக்கொன்று பக்கத்தில் இல்லை. ஜோஷுவா ட்ரீயின் தெற்கு வாசலில் இறங்கி ஐ-10 நெடுஞ்சாலையைப் பிடித்தால், சகுவாரோ பூங்கா இருக்கும் டூசான் நகரம் 300 மைலுக்கு மேல். அங்கிருந்து ஒயிட் சாண்ட்ஸும் அதே தூரம். அங்கிருந்து பெட்ரிஃபைட் ஃபாரஸ்டும் அப்படித்தான். ஆக, விழித்திருக்கும் நேரத்தில் பாதி காருக்குள்தான் போகும். பூங்காப் பட்டியலுக்குச் செலவிடும் யோசனையில் கொஞ்சத்தை அந்த நாலு இருக்கைகளுக்கும் செலவிடுங்கள்.

தோழருக்கு இடது காது மந்தம். அமெரிக்கக் காரில் ஓட்டுநர் இடப்பக்கம் உட்காருவதால், அவரை ஓட்டுநர் இருக்கையிலோ அதற்கு நேர் பின்னாலோ உட்கார வைத்தால் நல்ல காது எங்கள் பக்கம் இருக்கும். வலப்பக்கம் உட்கார வைத்தால் மனிதர் ஜன்னலைப் பார்த்துச் சிரித்துக்கொண்டே வருவார், நாம் சொன்ன எதுவும் போய்ச் சேராது. இதை அக்காதான் முதல் நாளே ஏற்பாடு செய்துவிட்டார். இன்னொன்று, ஆண்கள் இரண்டு பேரும் முன்னால், பெண்கள் பின்னால் என்று கடைசிவரை போகாதீர்கள். அப்படிப் போனால் பின்சீட்டுக்கு ஏசி வராது, வழியும் தெரியாது, நிறுத்தச் சொல்லவும் கூச்சம். காலையில் நானும் அக்காவும் முன்னால், மதியத்துக்கு மேல் மாறிக்கொள்வோம்.

ஹாஸ்டல் கதைகள் அரிசோனா எல்லையைத் தாண்டியதுமே தீர்ந்துவிட்டன. வார்டன், மெஸ் பில், சைக்கிள் திருடியது, எல்லாம் எனக்கே மனப்பாடம். அதற்குப் பிறகு கொஞ்ச நேரம் யாரும் பேசவில்லை. நியூ மெக்சிகோவில் யுஎஸ் 60 சாலை ஆளரவமே இல்லாமல் நேராக நீளும். சான் அகஸ்டின் சமவெளியில் வெரி லார்ஜ் அரே என்ற ரேடியோ தொலைநோக்கியின் வெள்ளைக் கிண்ணங்கள், மொத்தம் 27 இயங்குகின்றன, ஒய் எழுத்து வடிவில் நிற்கும். அவற்றைத் தாண்டிய பிறகுதான் தோழர் வாய் திறந்து, தன் இதய பைபாஸ் ஆபரேஷனுக்கு முந்தைய ராத்திரி யாருக்கும் தெரியாமல் உயிலைத் திருத்தி எழுதியதைச் சொன்னார். நாற்பது வருட நட்பில் என் வீட்டுக்காரருக்கே அது தெரியாது. "ஏண்டா ஒரு ஃபோன் பண்ணலை?" என்று இவர் கேட்க, "பண்ணா நீ அழுவே" என்றார் அவர். அந்த வழியை வேகமாகக் கடக்க ஐ-40 இருந்தது. ஆனாலும் நீங்கள் யுஎஸ் 60-லேயே போங்கள்.

சேர்ந்தே எல்லாம் செய்ய வேண்டும் என்ற கட்டாயம் கூடாது. தோழர் எந்தப் பாதையைப் பார்த்தாலும் நடந்தே தீர வேண்டும் என்பார். அக்காவுக்கு இரண்டு முழங்காலும் தகராறு. "நீங்க மூணு பேரும் போய்ட்டு வாங்க, எனக்கு இங்கேர்ந்தே நல்லா தெரியுது" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்துவிடுவார். உடன் இருக்கிறேன் என்று ஒருவர் தியாகம் செய்யப் போனால் அவருக்குக் கோபம் வரும். போகட்டும் என்று விட்டுவிடுவதுதான் மரியாதை.

சகுவாரோ பூங்கா டூசான் நகரத்துக்குக் கிழக்கே ஒரு பகுதி, மேற்கே ஒரு பகுதியாக இருக்கிறது. கிழக்கில் 8 மைல் வட்டச் சாலை, தார் போட்டது, காரிலேயே சுற்றலாம். நடுவே டெசர்ட் எக்காலஜி பாதை என்று கால் மைல், தளம் போட்டது, சக்கர நாற்காலிகூடப் போகும். பூங்காவுக்குப் பெயர் தந்த சகுவாரோ என்ற கள்ளியைப் பற்றி அங்கே எழுதி வைத்திருப்பதைப் படித்தபோது நால்வரும் நின்றுவிட்டோம். முதல் எட்டு வருடத்தில் ஒன்று ஒன்றரை அங்குலம்தான் வளருமாம். முப்பத்தைந்து வயதில் முதல் பூ. பக்கக் கை முளைப்பது 50 முதல் 70 வயதுக்குள். 125 வயதானால்தான் முழு வளர்ந்தது என்று கணக்கு. "அப்போ எனக்கு இப்பத்தான் கை முளைக்குது" என்றார் அக்கா. மீதி வழியெல்லாம் அவருக்கு அதுதான் சாக்கு.

ஒயிட் சாண்ட்ஸ் 2019 டிசம்பரில்தான் தேசியப் பூங்கா ஆனது. வெள்ளையாகத் தெரிவது சாதாரண மணல் இல்லை, ஜிப்சம். ஜிப்சம் தண்ணீரில் கரையக்கூடியது, ஆற்றோடு கடலுக்குப் போய்விடும். துலரோசா படுகையிலிருந்து தண்ணீர் வெளியேற வழியில்லாததால் இங்கேயே தங்கி, காய்ந்து, உடைந்து, காற்றில் குவிந்துவிட்டது. வெயிலிலும் காலைச் சுடாது. எல்லாரும் செருப்பைக் கழற்றிவிடுவார்கள். சர்க்கரை நோயால் பாதத்தில் உணர்ச்சி குறைந்தவர்கள் மட்டும் கழற்ற வேண்டாம். இன்டர்டியூன் என்ற மரப்பலகை நடைபாதை போகவர 0.4 மைல்தான், கைப்பிடியும் உண்டு. பக்கத்திலேயே ஏவுகணைச் சோதனைத் தளம் இருப்பதால் யுஎஸ் 70 சாலையையும் பூங்காச் சாலையையும் அவ்வப்போது அடைத்துவிடுவார்கள், சில சமயம் மூன்று மணி நேரம்வரை. முந்தின நாளே பூங்கா இணையதளத்தில் பார்த்துவிடுங்கள்.

ஜோஷுவா ட்ரீ, பெட்ரிஃபைட் ஃபாரஸ்ட் இரண்டையும் சுருக்கமாகச் சொல்கிறேன். ஜோஷுவா ட்ரீயில் ஓரத்தில் சில இடங்கள் தவிர உள்ளே குடிதண்ணீர் கிடையாது, செல் சிக்னலும் பெரும்பாலும் கிடையாது. சோயா (Cholla) என்ற கள்ளியின் தோட்டத்தில் மாலை வெயில் அழகு, ஆனால் உரசினால் முள் பந்தாக வந்து ஒட்டிக்கொள்ளும். ஒரு சீப்பு வைத்திருங்கள், வாரி எடுத்துவிடலாம். பெட்ரிஃபைட் ஃபாரஸ்டில் 28 மைல் சாலை, ஒரு முனையில் நுழைந்து மறுமுனையில் வெளியேறலாம். இருபது கோடி வருடத்துக்கும் முந்தைய மரங்கள் கல்லாகிக் கிடக்கின்றன. பழைய ரூட் 66 சாலை போன இடத்தில் 1932ஆம் வருடத்து ஸ்டுடிபேக்கர் கார் ஒன்று துருப்பிடித்து நிற்கும், ஆண்கள் அங்கே அரை மணி நேரம் எடுத்துக்கொள்வார்கள். கல்லைப் பொறுக்கக் கூடாது. சாயங்காலம் வாசலைப் பூட்டிவிடுவார்கள்.

டெத் வேலிக்குக் குறைந்தது இரண்டு ராத்திரி ஒதுக்குங்கள். பேட்வாட்டர் என்ற உப்புத் தரை கடல் மட்டத்துக்கு 282 அடி கீழே, வட அமெரிக்காவிலேயே தாழ்ந்த இடம். அதற்கு நேர் மேலே டான்டேஸ் வியூ, 5,475 அடி. காரிலேயே உச்சிவரை போகலாம். கீழே மெல்லிய சட்டை, மேலே ஸ்வெட்டர், ஒரே காலையில். சாப்ரிஸ்கி பாயிண்ட்டில் தார்ப்பாதைதான், ஆனால் கொஞ்சம் ஏற்றம், மூச்சு வாங்கும். வருடத்துக்கு இரண்டு அங்குலம் மழை பெய்யும் இடம் என்றாலும் மழையை அலட்சியம் செய்யாதீர்கள். 2023 ஆகஸ்டில் ஹிலரி புயலின் வெள்ளத்தால் பூங்காவையே இரண்டு மாதம் பூட்டியிருந்தார்கள். அந்தத் தண்ணீர் பேட்வாட்டரில் தேங்கி, அடுத்த பிப்ரவரியில் மக்கள் அங்கே கயாக் ஓட்டினார்கள். சாலை நிலவரம் பார்க்காமல் கிளம்பக் கூடாது. ஜிபிஎஸ் காட்டும் குறுக்குவழியில் திரும்பவும் கூடாது, வரைபடத்தை முன்னாலேயே தரவிறக்கம் செய்துகொள்ளுங்கள்.

உடம்பு விஷயம். நம் வயதில் தாகம் சரியாகத் தெரியாது. கழிப்பறை கிடைக்குமோ என்ற பயத்தில் தண்ணீரைக் குறைப்பதும், நீர் மாத்திரையை ஒருவேளை தள்ளிப்போடுவதும் நம் பெண்களிடம் சகஜம். ஆண்களிடமும்தான், சொல்ல மாட்டார்கள். பூங்காக்களில் முக்கியமான நிறுத்தங்களில் எல்லாம் கழிப்பறை உண்டு, வரைபடத்தில் குறி போட்டிருக்கும். ஒரு மணி நேரத்துக்கு ஒருதரம் யாரும் கேட்காமலே வண்டி நிற்கும் என்று முதல் நாளே விதி வையுங்கள். மாத்திரை நேரத்தைக் கிளம்புமுன் டாக்டரிடம் கேட்டுக்கொள்ளுங்கள். காரணம், ஃபோன் மணி அடிப்பது உள்ளூர் நேரத்துக்கு. குளிர்காலத்தில் கலிபோர்னியாவிலிருந்து அரிசோனாவுக்குள் போனால் ஒரு மணி நேரம் கூடும். மார்ச் இரண்டாவது ஞாயிறு இந்த வழியிலுள்ள மற்ற மாநிலங்கள் கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னால் தள்ளிவைக்க, அரிசோனா மட்டும், நவஹோ பழங்குடிப் பகுதி நீங்கலாக, அப்படியே இருக்கும். இன்சுலின் போடுகிறவருக்கு இது விளையாட்டில்லை. இன்சுலினை நிறுத்திய காரில் விட்டுப் போகவும் கூடாது. டெத் வேலிக்குள் ஆஸ்பத்திரி கிடையாது. அவசரம் என்றால் பாரம்ப் ஊருக்குத்தான் போக வேண்டும், ஃபர்னஸ் க்ரீக்கிலிருந்து சுமார் ஒரு மணி நேரம். உங்கள் தோழருக்குப் பயண மருத்துவக் காப்பீடு எடுக்கும்போது பழைய வியாதிகளுக்கு என்ன கிடைக்கும் என்று வரிவரியாகப் படியுங்கள்.

பணத்தில் ஒரு நல்ல செய்தி. 62 வயதான குடிமகனுக்கோ கிரீன் கார்டு வைத்திருப்பவருக்கோ ஆயுளுக்கும் 80 டாலரில் சீனியர் பாஸ் கிடைக்கும், ஒரு வருடத்துக்கு மட்டும் என்றால் 20. வாகனத்துக்குக் கட்டணம் வாங்கும் பூங்காக்களில் பாஸ்காரர் உட்கார்ந்திருக்கும் கார் முழுக்க அதிலேயே உள்ளே போய்விடும். நான் சொன்ன பூங்காக்களில் ஒவ்வொன்றுக்கும் 25, 30 டாலர் ஆகும் என்பதால் ஒரே சுற்றில் போட்ட பணம் வந்துவிடும். விசிட்டர் விசாவில் வரும் உங்கள் தோழருக்குப் பாஸ் கிடைக்காது, ஆனால் உங்கள் காரில் வந்தால் தனியாகக் கட்ட வேண்டியதில்லை. கிராண்ட் கேன்யனையும் ஸயானையும் சேர்க்க நினைத்தால் மட்டும் கவனியுங்கள். 2026 முதல் அந்த இரண்டும் உள்பட 11 பூங்காக்களில் வெளிநாட்டவருக்குத் தனியாகக் கூடுதல் கட்டணம் போட்டிருக்கிறார்கள். நான் சொன்ன ஐந்தும் அந்தப் பட்டியலில் இல்லை.

இரண்டு கார் எடுக்கலாமா என்று யாராவது யோசனை சொன்னால் கேட்காதீர்கள். சிக்னல் இல்லாத ஊரில் ஒருவரை ஒருவர் தேடுவதிலேயே பொழுது போகும். காரில் ஒன்றாக, ராத்திரி தனித்தனி அறை, முடிந்தால் ஒரே மாடிகூட வேண்டாம். குறட்டை, அதிகாலை சுப்ரபாதம், தொலைக்காட்சிச் சத்தம் எதுவும் நட்புக்குள் வராமல் இருக்கும்.

கடைசியாக ஆர்வி. வேண்டாம். பெரிய வண்டியைப் பின்னால் எடுப்பது, கழிவுநீர்த் தொட்டியைக் காலி செய்வது, நாலு பேருக்கு ஒரே குளியலறை, இதற்கெல்லாம் நாற்பது வயதில் போயிருக்க வேண்டும். அதைவிட முக்கியம், டெத் வேலியில் டான்டேஸ் வியூ, ஆர்ட்டிஸ்ட்ஸ் டிரைவ் இரண்டு சாலையிலும் 25 அடிக்கு மேல் நீளமான வண்டியை விடுவதில்லை, நல்ல இடங்களே கைவிட்டுப் போகும். மினிவேன் எடுங்கள். கதவு வழுக்கித் திறக்கும், இருக்கை உயரம் முழங்காலுக்கு இதம், நாலு பெட்டியும் இரண்டு கேன் தண்ணீரும் பின்னால் அடங்கும். உங்களோடு உங்கள் மனைவியையும் ஓட்டுநராகப் பதிவு செய்துவிடுங்கள்.