பினாங்கில் சூமாக் சிவக்குமா?

கேள்வி: மகள் டொரோண்டோவில் இருக்கிறாள். அக்டோபரில் அங்கே போயிருந்தபோது, சாலையோரமெல்லாம் ஆள் உயரத்துக்கு மேல் ஒரு செடி இலை முழுக்கச் சிவந்து நின்றது. கிளை நுனியில் கூம்பு கூம்பாகச் சிவப்புக் காய்க்குலை. ‘ஸ்டேக்ஹார்ன் சூமாக்’ என்று மருமகன் சொன்னார். ஆயர் ஈத்தாமில் எங்களுடையது மூலை வீடு, பக்கவாட்டில் காலி இடம் இருக்கிறது. இணையத்தில் விதை விற்கிறார்கள், வாங்கிப் போடலாமா? சூமாக் பட்டால் உடம்பெல்லாம் கொப்புளித்துவிடும் என்று பக்கத்து வீட்டுக்காரர் பயமுறுத்துகிறார். அது உண்மையா? - வாசகி, பினாங்கு.

பதில்: வணக்கம் அம்மா. பணம் கட்டுவதற்கு முன்னால் கேட்டீர்களே, நல்லது. வாங்க வேண்டாம்.

விதை முளைக்காது என்பதற்காகச் சொல்லவில்லை. ஓடு கெட்டியாக இருக்கும், சூடான நீரில் ஊறவைத்துப் போட்டால் சில முளைக்கவும் செய்யும். சிக்கல் அதற்குப் பிறகுதான். சூமாக் வட அமெரிக்காவின் கிழக்குப் பகுதிச் செடி. அங்கே குளிர்காலத்தில் இலையை முழுக்கக் கொட்டிவிட்டு மாதக்கணக்கில் உறங்கும், உறைநிலைக்கு 30 டிகிரி கீழே போனாலும் தாங்கும். அந்த உறக்கம் அதற்குக் கட்டாயம். நமக்கோ இரவிலேயே 22 டிகிரிக்குக் கீழே இறங்குவது அபூர்வம். உறங்க வழியில்லாத செடி வருடத்துக்கு வருடம் நோஞ்சானாகும். போதாக்குறைக்கு அது வடிகால் நன்றாக உள்ள, வறண்ட மண்ணை விரும்புவது. செப்டம்பர், அக்டோபரில் நம் ஊரில் கொட்டுகிற மழைக்கு வேர் அழுகிவிடும். கொடிமலை (பினாங்கு ஹில்) உச்சியில் நட்டால் என்ன என்று கேட்பீர்கள். 800 மீட்டர் உயரம் நான்கைந்து டிகிரியைத்தான் குறைக்கும், அது போதாது.

ஒருவேளை செடி பிழைத்தாலும் நீங்கள் பார்த்த சிவப்பு வராது. அங்கே பகல் பொழுது மளமளவென்று குறைந்து, இரவு குளிரத் தொடங்கியதும் இலையிலுள்ள பச்சையம் சிதைகிறது. அதே சமயத்தில் இலை சிவப்பு நிறமியை உண்டாக்குகிறது. பினாங்கில் வருடத்தின் மிக நீண்ட பகலுக்கும் மிகக் குறுகிய பகலுக்கும் வித்தியாசம் அரை மணி நேரம் சொச்சம்தான். இலைக்குக் காலம் மாறியதே தெரியாது. காய்க்குலைக்கும் உத்தரவாதமில்லை. ஆண் செடி, பெண் செடி பெரும்பாலும் தனித்தனி, குலை பெண் செடியில்தான். விதையைப் பார்த்து எது என்று சொல்ல முடியாது.

மகள் வீட்டிலிருந்து வேர்க்கன்று பிடுங்கி வரும் யோசனை இருந்தால் அதையும் விட்டுவிடுங்கள். விதையானாலும் கன்றானாலும் இறக்குமதி அனுமதியும் அந்த நாட்டின் தாவர நலச் சான்றிதழும் வேண்டும். இல்லாவிட்டால் விமான நிலையத்தில் பறிமுதல்தான்.

கொப்புளப் பயத்துக்கு வருகிறேன். பக்கத்து வீட்டுக்காரர் சொல்வது விஷ சூமாக்கைப் பற்றி. அது சதுப்பு நிலத்தில் வளர்வது, காய் வெளுத்துத் தொங்கும். நீங்கள் பார்த்ததில் குலை சிவப்பாக நிமிர்ந்து நிற்கும், இளங்கிளையில் மான் கொம்பின் மேலுள்ளது மாதிரி மென்முடி இருக்கும். அந்தக் காயைக் குளிர்ந்த நீரில் ஊறவைத்துப் புளிப்புப் பானமாகவே அங்கே குடிக்கிறார்கள். ஆனாலும் எல்லாம் மாமரக் குடும்பம். மாம்பாலோ முந்திரியோ ஒத்துக்கொள்ளாதவர்கள் ஒதுங்கியிருப்பது நல்லது. நம் காட்டு ரெங்காஸ் மரமும் இதே குடும்பம்தான், அதன் கறுத்த பால் பட்டவரைக் கேட்டால் கதை கதையாகச் சொல்வார்.

சரி, அந்த மூலைக்கு என்ன வைக்கலாம்? குளிர் நாட்டில் உதிரப் போகும் இலை சிவக்கிறது. நம் பக்கம் பெரும்பாலும் தளிர்தான் சிவக்கும். மாந்தளிரைப் பார்க்கிறோமே. அதனால் செந்தளிர் விடும் பூச்சுக் மேரா என்ற செடியை வையுங்கள், எல்லா நர்சரியிலும் கிடைக்கும். நல்ல வெயில் படும் இடத்தில் நட்டு, தளிர் பச்சையாக மாறியதும் நுனியைக் கத்தரித்துவிட்டால் மறுபடி செந்தளிர் கிளம்பும். வருடத்துக்கு ஒரு முறைக்குப் பதில் பல முறை சிவப்பு. கத்தரிக்காமல் விட்டால் மரமாகிவிடும், சிவப்பும் கைக்கு எட்டாத உச்சிக்குப் போய்விடும். முதிர்ந்த இலையே சிவக்க வேண்டுமென்றால் கெத்தாப்பாங், அதாவது நாட்டு வாதுமை இருக்கிறது. ஆனால் அதன் வேர் உங்கள் லோங்காங்கை, அதாவது வீட்டோரச் சாக்கடையை, பிளந்துவிடும், வீட்டுப் பக்கம் வேண்டாம்.

கூம்புக்குலைக்கு என் தேர்வு கிருஷ்ண கிரீடம். மலாய்க்காரர்கள் பங்கில்-பங்கில் என்பார்கள். இந்த மண்ணின் செடி. ஓர் அடிக்குக் குறையாத செம்மஞ்சள் அடுக்கு, நிமிர்ந்தே நிற்கும், அழகிகள் எனப்படும் பெரிய வண்ணத்துப்பூச்சிகள் தேடி வரும். சூமாக்கின் இறகு போன்ற கூட்டிலைதான் பிடித்தது என்றால் பின்னால் ஒரு வண்டுகொல்லி, அதுதான் கெலெங்காங், வையுங்கள். பூ மஞ்சள் மெழுகுவத்தி. மஞ்சள் வண்ணத்துப்பூச்சியின் புழு இலையை மொட்டையடிக்கும், மருந்து அடிக்காதீர்கள், திரும்பத் துளிர்க்கும்.

ஓர் எச்சரிக்கை. வேரிலிருந்து கன்று விட்டுப் பரவுவதில் கிருஷ்ண கிரீடம் சூமாக்குக்குச் சளைத்ததல்ல. அடிப்பாகம் அறுத்த பழைய பிளாஸ்டிக் வாளியை மண்ணில் விளிம்பு தெரியும்படி புதைத்து அதற்குள் நடுங்கள். பாதி நிழல் போதும், மக்கிய எருவைத் தாராளமாகப் போடுங்கள். வாளிக்கு வெளியே வரும் கன்றை விரல் உயரத்திலேயே பிடுங்கி விடுங்கள். ஜனவரி, பிப்ரவரி வறட்சியில் நட்டால் தினமும் நீங்கள்தான் தண்ணீர் தூக்க வேண்டும். செப்டம்பர் மழை தொடங்கியதும் நடுங்கள், மழையே பார்த்துக்கொள்ளும்.