ஹெட்போனை இன்னொருவர் மாட்டிக்கொள்ளட்டும்

கேள்வி: ராபர்ட் ரோட்ரிகஸ் 7,000 டாலரில், தனியாளாக 'எல் மரியாச்சி' எடுத்தாரே! என் முதல் படத்துக்குக் கதை, இயக்கம், கேமரா, ஒலிப்பதிவு, எடிட்டிங், இசை எல்லாம் நானேதான். நண்பர்கள் வேண்டாம் என்கிறார்கள். நீங்கள்?
– வாசகர், தேனி

பதில்: ஒலிப்பதிவை மட்டும் இன்னொருவரிடம் விட்டுவிடுங்கள்.

1991-ல் மெக்சிகோ எல்லை ஊரான அகுன்யாவில் இரண்டே வாரத்தில் எடுத்த படம் அது. எழுத்து, இயக்கம், கேமரா, எடிட்டிங் ரோட்ரிகஸ். ஆனால் இசை அவருடையது அல்ல. அடுத்து வந்த 'டெஸ்பராடோ'வுக்குக் கேமராவும் அவரல்ல, கியெர்மோ நவாரோ. கேமரா, எடிட்டிங், இசை மூன்றும் அவர் பெயரிலேயே வந்த 'ஒன்ஸ் அபான் எ டைம் இன் மெக்சிகோ' 2003-ல்தான். அந்த 7,000 டாலரும் பெரும்பாலும் ஃபிலிமுக்கும் லேபுக்கும் போன பணம். தியேட்டர் பிரதிக்கு கொலம்பியா பட நிறுவனம் அதைப்போலப் பல மடங்கு செலவழித்தது.

ஒலிக்கு என்ன செய்தார் என்பதைத்தான் நீங்கள் கவனிக்க வேண்டும். அவருடைய 16 எம்.எம். கேமரா இரைச்சல் போடும். அதனால் ஷாட் முடிந்ததும் கேமராவை நிறுத்திவிட்டு, மைக்கை நடிகரின் வாயருகே வைத்து, அதே வசனத்தை மறுபடி பேசவைத்து கேசட்டில் பிடித்தார். உதடு ஒட்டாத இடங்களில் வேறு காட்சித்துண்டுக்கு வெட்டினார். படத்தின் வேகத்துக்கு அதுவும் ஒரு காரணம். ஆக, கேமராவையும் ஒலியையும் ஒரே நொடியில் அவர் சுமக்கவே இல்லை.

எழுத்து, எடிட்டிங், இசை வெவ்வேறு மாதங்களில் வரும் வேலைகள், ஒருவரே செய்யலாம். படப்பிடிப்பில் கண் ஃபோகஸிலும் மனம் நடிகரிடமும் இருக்கும்போது முதலில் தவறுவது காதுதான். ஃபோகஸ் போனால் மானிட்டரில் தெரிந்துவிடும். காலர் மைக் சட்டையில் உரசியதும் தூரத்துக் கோயில் ஒலிபெருக்கியும் எடிட்டிங்கில்தான் தெரியும். பிறகு டப்பிங் தியேட்டர் வாடகை, நடிகர்களின் தேதி என்று செலவு இழுக்கும்.

ஒரு நண்பரிடம் ரெக்கார்டரைக் கொடுங்கள். அதில் ஒலித்தர அமைப்பு 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட். ஒத்திகையில் மிக உரக்கப் பேசும் வசனத்தை வைத்து, ரெக்கார்டரின் மீட்டரில் உச்சம் மைனஸ் 12 டெசிபலைத் தாண்டாமல் ஒலி அளவை வையுங்கள். ஒவ்வோர் இடத்திலும் எல்லோரும் வாய்மூடி நிற்க, ஒரு நிமிடம் வெறும் அறைச் சத்தம் எடுங்கள். வெட்டுகளை ஒட்ட அதுதான் பசை. இரைச்சலுக்காக ஃப்ரிட்ஜை அணைத்தால் வண்டிச் சாவியை அதற்குள் வையுங்கள், திரும்பப் போட மறக்க மாட்டீர்கள். போனில் எடுப்பதானால் ஃப்ரேம் வேகத்தை நொடிக்கு 24 அல்லது 25-ல் பூட்டிவிடுங்கள். அது தானாக மாறினால் நீளமான ஷாட்டில் ஒலி நழுவும். படத்தையும் ஒலியையும் பிறகு பொருத்த, ஷாட்டுக்கு ஒரு கிளாப் கட்டாயம்.

இசையை நீங்களே போடுங்கள், மறுப்பில்லை. ஆனால் எடிட்டிங்கை முடித்துப் பூட்டும்வரை மெட்டைத் தொடாதீர்கள். தன் மெட்டு பிடித்துப்போன எடிட்டர் அதற்காகவே ஷாட்டை நீட்டிவிடுவார்.