இலவச வைத்தியம்: படுவான்கரையில் இருந்தும் பிற ஊர்களில் இருந்தும் சில கேள்விகள்

இலங்கையின் மட்டக்களப்பில் ஓய்வுபெற்ற பொதுச் சுகாதாரப் பரிசோதகர் ஒருவர் பதில் சொல்கிறார்.

கேள்வி (களுவாஞ்சிகுடி): ஐயா, நாடு கடனில் கிடக்கிறது. அரசாங்க ஆஸ்பத்திரியில் சின்னக் கட்டணம் ஒன்று வாங்கினால் என்ன?

பதில்: வாங்கிப் பார்த்துவிட்டார்கள், தம்பி. 1951இல் கட்டணத்தை நீக்கினார்கள். 1971இல் வெளிநோயாளர் பிரிவில் 25 சதம் கேட்டார்கள். 1977இல் அதுவும் போய்விட்டது. வருத்தக்காரரிடம் வாசலில் வைத்துக் காசு கேட்பதை நம் சனம், எந்த இனமானாலும், மனதால் ஏற்பதில்லை. இந்த எண்ணம் நேற்று வந்ததல்ல. 1931இல் எல்லாருக்கும் வோட்டு வந்தது. 1934-35இல் மலேரியா சுமார் 80,000 பேரைக் கொண்டுபோனது. அதன்பிறகு வோட்டுக் கேட்டு ஊருக்குள் வந்தவர்கள் ஆஸ்பத்திரியைப் பற்றிப் பேசாமல் திரும்ப முடியவில்லை.

கேள்வி (கொக்கட்டிச்சோலை): இலவசம் என்கிறீர்கள். போன மாதம் கிளினிக்கில் இரண்டு குளிசையை வெளியில் வாங்கச் சொன்னார்கள், ஐயா.

பதில்: என்னைத் தூங்கவிடாத விஷயம் இதுதான். நாட்டின் மொத்தச் சுகாதாரச் செலவில் கிட்டத்தட்ட அரைவாசியைச் சனங்கள் கைக்காசில் கட்டுகிறார்கள். ஒருநாள் குருக்கள்மடத்தில் இருந்து அம்பிளாந்துறைக்குப் படகுப் பாதையில் போகும்போது பக்கத்தில் ஓர் அம்மா இருந்தார். கிளினிக் கொப்பியைச் சொப்பிங் பையில் சுற்றி மடியில் வைத்திருந்தார். பாமசியில் காட்டவேண்டிய மருந்துத் துண்டும் உள்ளே இருந்தது. “பத்து நாளைக்குத்தான் வாங்கினேன் மகன், மிச்சம் வெள்ளாண்மை வெட்டினாப் பிறகு” என்றார். பிரஷர் குளிசை அது, ஒருநாளும் விடக்கூடாதது. கட்டணம் வாங்கலாமா என்று வாதாடுவதை விட்டு, பிரஷருக்கும் சீனி வருத்தத்துக்கும் உள்ள மருந்து பக்கத்துப் பிரதேச வைத்தியசாலையில் எப்போதும் இருக்கச் செய்யுங்கள். சீர்திருத்தத்தை அங்கே தொடங்கவேண்டும். முடியாத காரியமில்லை. தேவையான மருந்துகளை மட்டும், கம்பனிப் பெயரில் அல்லாமல் மருந்தின் பொதுப்பெயரில், மொத்தமாக வாங்கும் வழியை மருந்தியல் பேராசிரியர் சேனக பிபிலே 1970களிலேயே காட்டிவிட்டார்.

கேள்வி (ரொறன்ரோ, ஊர் கல்லாறு): இங்கே கனடாவிலும் இப்படியான பேச்சு நடந்ததா, அண்ணன்?

பதில்: நடந்தது. 2002இல், சுகாதார சேவையின் எதிர்காலத்தை ஆராய அரசு அமைத்த ரோய் ரோமனோவின் ஆணைக்குழு, கனடியர்கள் எதைப் பெறுமதியாக நினைக்கிறார்கள் என்பதில் இருந்துதான் தன் அறிக்கையைக் கட்டியது. அங்கும் ஆஸ்பத்திரிக்கு வெளியே வாங்கும் மருந்துதான் சிக்கல்.

கேள்வி (வாழைச்சேனை): சுகாதாரம் நம் அரசியலமைப்பில் அடிப்படை உரிமையா?

பதில்: இல்லை, 1978 யாப்பின் அடிப்படை உரிமைகளில் அது தனியாக எழுதப்படவில்லை. எழுத வேண்டும்.

கேள்வி (கல்முனை): மூன்று இனத்துக்கும் ஒரே எண்ணம் என்கிறீர்கள். யுத்தத்தைக் கண்ட எங்களால் அதை நம்ப முடியுமா?

பதில்: யுத்தத்துக்குள்தான் நான் அதைக் கண்டேன், தங்கச்சி. 1990களில் போலியோ சொட்டு மருந்து கொடுப்பதற்காக அரசாங்கமும் புலிகளும் சண்டையை நிறுத்திய நாட்கள் இருந்தன. ஆனால் ஒரு குறை இன்னும் தீரவில்லை. வேறு மாவட்டத்து ஆஸ்பத்திரிக்கு மாற்றப்படும் தாய், எங்கே நோகிறது என்பதைத் தமிழில் சொன்னால் விளங்கிக்கொள்ள ஒருவர் வார்டில் இருக்கவேண்டும். அதற்கு ஆள் போடுவதையும் மருந்துச் செலவோடு சேர்த்தே கேளுங்கள்.