கூப்பிட்டால் வராத நாய்க்கு

வீட்டுக்குள் "வா" என்றதும் ஓடிவரும் எட்டு மாத நாய், வெளியே போனால் காதிலேயே வாங்குவதில்லை என்கிறீர்கள். அது திமிர் இல்லை. நாய் ஒரு கட்டளையை இடத்தோடு சேர்த்துத்தான் கற்கும். கூடத்தில் பழகியதைத் திடலில் கிட்டத்தட்ட முதலிலிருந்து சொல்லித்தர வேண்டும். போதாததற்கு இது விடலைப் பருவம் வேறு.

5 முதல் 10 மீட்டர் நீளக் கயிறு வாங்குங்கள். கழுத்துப்பட்டையில் வேண்டாம், மார்புப்பட்டையில் மாட்டுங்கள். பாய்ந்து ஓடினால் கழுத்தில் அடிபடும். முதலில் வாசல், பிறகு ஆளில்லாத திடல். "வா" என்று ஒரே முறை சொல்லிவிட்டு நாயை விட்டு எதிர்த்திசையில் ஓடுங்கள், அது துரத்திவரும். வந்த ஓரிரு விநாடிக்குள் தின்பண்டம் கொடுத்துவிட வேண்டும். தாமதித்தால் எதற்குக் கிடைத்தது என்று புரியாது.

அப்புறம், எனக்கு உறுத்தியது இதுதான்: நாயைப் பிடித்ததும் திட்டி, நேராக வீட்டுக்கு இழுத்துப்போவதாகச் சொல்கிறீர்கள். "வா" என்றால் விளையாட்டு முடிந்தது என்றுதான் அது கற்றிருக்கிறது. பெரும்பாலான தடவை பரிசு கொடுத்து மறுபடி விளையாட விடுங்கள். அந்தச் சொல் ரொம்பவே கெட்டுப்போயிருந்தால் புதுச் சொல்லோ விசிலோ வைத்துத் தொடங்கலாம். ஒரு தடவைக்கு 5 நிமிடம் போதும், அதற்குச் சலிப்பதற்குள் நிறுத்திவிடுங்கள்.