கேள்வி பதில்: சுலைமானியாவின் பாரம் யார் தோளில்?

கேள்வி: சேர், நான் உயர்தரத்தில் இஸ்லாமிய நாகரிகம் படிக்கிறேன். இஸ்தான்புல்லில் இருக்கும் சுலைமானியா பள்ளிவாசல், அயா சோபியாவைப் பார்த்துச் செய்த பிரதிதான் என்று ஒரு காணொளியில் சொன்னார்கள். சரியா? – மாணவி, வெலிமடை

பதில்: மகள், இரண்டு படங்களையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் அப்படித்தான் தோன்றும். நடுவே ஒரு பெரிய குவிமாடம், அதற்கு முன்னும் பின்னும் சாய்ந்து நிற்கும் இரண்டு அரைக் குவிமாடங்கள், பாரம் இறங்குவதற்கு நான்கு பெருந்தூண்கள். 537இல் அதே நகரில் தேவாலயமாகத் திறக்கப்பட்ட அயா சோபியாவின் அமைப்பு இதுதான். ஆயிரம் வருடங்களுக்குப் பிறகு, சுலைமானியாவைத் திட்டமிட்ட உஸ்மானியப் பேரரசின் கட்டடக் கலைஞர் சினான் அதையே கையில் எடுத்தார். ஆனாலும் விடைத்தாளில் "பிரதி" என்று எழுதிவிடாதே. காரணம் சொல்கிறேன்.

குவிமாடம் கீழ்நோக்கி அழுத்துவதோடு நிற்பதில்லை. அதன் அடி விளிம்பு சுற்றிவர வெளிப்பக்கம் தள்ளிக்கொண்டே இருக்கும். மலைச்சரிவில் வீடு கட்டிய எவருக்கும் இது விளங்கும். அடைமழையில் ஊறிய மண் தடுப்புச் சுவரைத் தள்ளுகிறதே, அந்த மாதிரியான தள்ளல். அயா சோபியாவின் முதல் குவிமாடம், நிலநடுக்கங்களில் தளர்ந்து, 558இல் இடிந்து விழுந்தது. அதை மறுபடி உயர்த்திக் கட்டினார்கள். அதற்குப் பிறகும் நூற்றாண்டுக்கு நூற்றாண்டு வெளியே முட்டுச் சுவர்களைச் சேர்த்துக்கொண்டே போனார்கள். அவற்றில் சிலதைப் பிற்காலத்தில் கட்டியவரே சினான்தான்.

சுலைமானியாவுக்கும் முட்டுச் சுவர் தேவைப்பட்டது. சினான் அதில் ஒரு பாதியைப் பள்ளிவாசலுக்கு உள்ளேயும் மறு பாதியை வெளியேயும் விட்டார். வெளியே நின்ற பகுதிகளுக்கு இடையில் இரண்டு தட்டு நடைக்கூடம் வைத்தார். பக்கத்து முற்றத்தில் நின்று பார்ப்பவருக்கு வளைவுகளும் சிறு தூண்களும் நிழல் விழுந்த தாழ்வாரமும்தான் தெரியும். அவ்வளவு பெரிய பாரத்தைத் தாங்கும் சுவர் அதற்குள் நிற்கிறது என்பதைச் சொன்னால்தான் கண் தேடும். முப்பது வருடம் தொழில்நுட்பக் கல்லூரியில் கட்டடப் பாடம் நடத்தியவன் நான். வகுப்புக்கு வகுப்பு இந்தப் பக்கச் சுவரைத்தான் பலகையில் வரைந்து காட்டியிருக்கிறேன், ஏனென்றால் சினானின் அறிவு முழுவதும் இங்கேதான் இருக்கிறது.

உள்ளேயும் வித்தியாசம் உண்டு. அயா சோபியாவில் தூண் வரிசைகள் பக்கக் கூடங்களை நடு மண்டபத்திலிருந்து பிரித்துவிடும். சினான் பக்கத்துக்கு இரண்டு கருங்கல் தூண்களோடு நிறுத்திக்கொண்டார். அதனால் ஓரத்தில் தொழ நிற்பவரும் சபையை விட்டுப் பிரிந்திருக்க மாட்டார். குவிமாடத்தின் உயரம் 53 மீற்றர், விட்டம் 26.5 மீற்றர், உயரம் விட்டத்தைப் போல் சரியாக இரண்டு மடங்கு. 1766ஆம் ஆண்டு நிலநடுக்கத்தில் குவிமாடத்தின் ஒரு பகுதி விழுந்தது, திருத்தினார்கள். இவ்வளவையும் எழுது மகள், பிரதியா இல்லையா என்பதை விடைத்தாள் திருத்துகிறவரே முடிவு செய்துகொள்வார்.

கேள்வி: இதைக் கட்டியவர் என்று யாரைச் சொல்வது? சுல்தானையா, சினானையா? – ஓய்வுபெற்ற தோட்ட உத்தியோகத்தர், தலவாக்கலை

பதில்: ஐயா, பணமும் ஆணையும் சுல்தான் சுலைமானுடையவை. திட்டம் சினானுடையது. அவர் கைசேரிக்குப் பக்கத்துக் கிராமம் ஒன்றில் கிறிஸ்தவக் குடும்பத்தில் பிறந்தவர். இளம் வயதில் அரச சேவைக்குப் பிடித்துச் செல்லப்பட்டு, படையில் சேர்ந்து, போர்க்களங்களில் பாலம் கட்டித் தொழில் கற்றார். பிறகு 1588இல் இறக்கும்வரை ஏறத்தாழ ஐம்பது வருடம் தலைமைக் கட்டடக் கலைஞர்.

நீங்கள் காலமெல்லாம் செக்ரோல், அதாவது தோட்டத்துக் கூலிப் பதிவேடு, எழுதியவர் என்பதால் இன்னொன்றையும் சொல்ல வேண்டும். 1550 முதல் 1557 வரை நடந்த இந்த வேலையின் கணக்குப் புத்தகங்கள் அழியாமல் கிடைத்திருக்கின்றன. துருக்கிய வரலாற்றாசிரியர் ஓமர் லுத்ஃபி பர்க்கான் அவற்றை ஆராய்ந்து வெளியிட்டார். யார் வேலைக்கு வந்தார், என்ன கூலி, கல் எங்கிருந்து வந்தது என்பதெல்லாம் அதில் இருக்கிறது. கைவினைஞர்கள் மட்டும் 3,500 பேருக்கு மேல். அவர்களில் பாதிக்குச் சற்றுக் கூடுதலானோர் கிறிஸ்தவர்கள். கூலிக்கு வந்தவர்களோடு படைக்குச் சேர்க்கப்பட்ட இளைஞர்களும், போர்க் கப்பல்களில் துடுப்பு வலித்த அடிமைகளும் கல் சுமந்தார்கள்.

என் அப்பா தோட்டத்தில் மேசன் வேலை பார்த்தவர். அவர் கட்டிய பாலமும் படிக்கட்டும் இன்றைக்கும் நிற்கின்றன, அவர் பெயர் எந்தக் கல்லிலும் இல்லை. அதனாலேயே அந்தக் கணக்குப் புத்தகங்களைப் பற்றி முதலில் வாசித்தபோது கோபமும் சந்தோசமும் ஒன்றாக வந்தன. கண்டி ரயில் பாதையையும் மலைச் சுரங்கங்களையும் போட்ட எங்கள் ஆட்களின் கணக்கையும் யாராவது இப்படி உட்கார்ந்து தேட வேண்டும். உங்களிடம் பழைய செக்ரோல் ஏதும் இருந்தால் தயவுசெய்து எரித்துவிடாதீர்கள்.

கேள்வி: உஸ்மானியருக்கும் நமது மலைநாட்டுக்கும் ஏதாவது தொடர்பு உண்டா? – வாசகர், கம்பளை

பதில்: கட்டடத்தில் சொல்ல என்னிடம் எதுவும் இல்லை. மனிதர் ஒருவர் உண்டு: அறபி பாஷா. எகிப்து பெயரளவில் உஸ்மானியப் பேரரசுக்குள் இருந்த காலத்தில் அங்கே எழுச்சிக்குத் தலைமை தாங்கிய படை அதிகாரி. ஆங்கிலேயர் 1882இல் அவரைத் தோற்கடித்து, அடுத்த வருடம் இலங்கைக்கு நாடு கடத்தினார்கள். கண்டியில் அவர் குடியிருந்த வீடு இப்போது நினைவில்லமாக இருக்கிறது. 1892இல் கொழும்பில் ஸாஹிரா கல்லூரி தொடங்கியதிலும் அவருக்குப் பங்குண்டு. கண்டிக்கு வந்தால் ஒரு நடை போய்ப் பாருங்கள்.

கேள்வி: மத்திய கிழக்கில் வேலை முடிந்து வரும் வழியில் இஸ்தான்புல்லில் ஒரு பகல் கிடைக்கும். சுலைமானியாவில் எதைப் பார்ப்பது? – சகோதரி, ஹட்டன்

பதில்: தங்கச்சி, தொழுகை நேரங்களைத் தவிர்த்துப் போங்கள்; தலைக்குத் துணி அவசியம். உள்ளே போய், மக்காவின் திசையில் உள்ள கிப்லாச் சுவரைப் பாருங்கள். இஸ்னிக் நகரில் செய்த வண்ணச் சுவர் ஓடுகளும் வண்ணக் கண்ணாடியும் அங்கே மட்டும் அளவாக இருக்கும். மற்ற இடமெல்லாம் கல்லும் வெளிச்சமும். திரும்பி வாசலுக்கு மேலே பாருங்கள். நூற்றுக்கணக்கான எண்ணெய் விளக்குகளின் புகையைக் காற்றோட்டம் அங்கே உள்ள அறைக்கு இழுத்துச் செல்லும்படி அமைத்து, படிந்த கரியில் மை செய்தார்கள் என்பார்கள்.

மினாராக்கள் நான்கு, அவற்றில் பால்கனிகள் பத்து. உஸ்மானியர் நகரைப் பிடித்த பிறகு ஆண்டவர்களில் சுலைமான் நான்காமவர், வம்சத்தில் பத்தாமவர் என்பது அதற்குச் சொல்லப்படும் விளக்கம். பின்னால் உள்ள மையவாடியில் சுல்தானும் அவர் மனைவி ஹுர்ரமும் தனித்தனிக் கட்டடங்களில் அடக்கமாகியிருக்கிறார்கள். அங்கிருந்து வடகிழக்குச் சரிவுக்கு வாருங்கள். மத்ரசா என்ற மார்க்கக் கல்விக்கூடத்தின் அறைகள் நிலத்தை வெட்டிச் சமப்படுத்தாமல் படிப்படியாகக் கீழே இறங்கும். மலைச்சரிவில் வரிசையாகக் கட்டிய தோட்ட லய வீடுகளில் வளர்ந்த நமக்கு அதைப் பார்த்தவுடன் நின்றுவிடத் தோன்றும். வளாகத்துக்கு வெளியே தெருமுனையில் சினானின் சின்ன அடக்கத்தலம் இருக்கிறது, தவறவிடாதீர்கள். பசித்தால் எதிர்வரிசைக் கடைகளில் வெள்ளை அவரைக் குழம்பும் சோறும் கிடைக்கும். அந்த இடம் அதற்குத்தான் பெயர்போனது.