‘ராயல் ஜார்ஜ்’ போர்க்கப்பல் நங்கூரத்தில் நின்றபடியே மூழ்கியது எப்படி?

1756-இல் வெள்ளோட்டம் கண்ட நூறு பீரங்கிகள் கொண்ட பிரிட்டிஷ் கப்பல் இது. 1759-இல் கிபெரோன் விரிகுடாப் போரில் அட்மிரல் ஹாக்கின் கொடிக்கப்பலாக (தளபதி பயணிக்கும் தலைமைக் கப்பலாக) இருந்து பிரெஞ்சுக் கப்பலொன்றை மூழ்கடித்தது.

1782 ஆகஸ்ட் 29, இங்கிலாந்தின் போர்ட்ஸ்மவுத் அருகே ஸ்பிட்ஹெட் நங்கூரத் துறை. வலது பக்கம் நீர்மட்டத்துக்குக் கீழே இருந்த குழாயைப் பழுதுபார்க்கக் கப்பலைச் சாய்த்தார்கள். இடது பீரங்கிகளை வெளியே தள்ளி, வலப்பக்கத்தவற்றை நடுவுக்கு இழுத்தார்கள். அந்தச் சாய்வில் கீழ்த்தளப் பீரங்கிச் சாளரங்களின் விளிம்பு கடலைத் தொட்டது. அவற்றை மூடவில்லை, அதுதான் பெரும்பிழை. போதாததற்கு, தாழ்ந்த பக்கத்திலேயே ரம் பீப்பாய்களையும் ஏற்றினார்கள். அலை உள்ளே புகப்புகச் சாய்வு கூடியது. தச்சர் எச்சரித்தும் பயனில்லை.

எண்ணூறுக்கும் மேற்பட்டோர் மாண்டனர். பார்க்க வந்த மனைவி, குழந்தைகள் பலர். விசாரணை உளுத்த மரத்தைக் காரணம் காட்டியது. திறந்திருந்த சாளரங்களே எனக்கு வலுவான காரணம்.

கப்பலிலிருந்து பின்னர் மீட்ட பீரங்கிகளின் வெண்கலம் லண்டன் நெல்சன் தூணின் உச்சியில் இருக்கிறது.