பழைய ரேஸ் கேம்களின் சேவ் ஃபைல்: கேள்வி-பதில்

கொம்பியூட்டரை ஃபோர்மட் செய்யப் போகிறோம். நீட் ஃபோர் ஸ்பீட் வரிசையின் மோஸ்ட் வோன்டட்டில், வெல்ல வேண்டிய எதிரிகளின் பட்டியலான பிளாக்லிஸ்டில் 3 வரை வந்துவிட்டேன். கேம் ஃபோல்டரை கொப்பி செய்தால் போதுமா? (அட்டன்)

போதாது தம்பி. 2005 இல் வந்த அந்த கேம், சேவ் ஃபைலை (எதுவரை ஆடினீர்கள் என்ற பதிவை) டொக்யூமென்ட்ஸுக்குள் தன் பெயரிலான ஃபோல்டரில் வைக்கிறது. அதற்குள் உங்கள் ப்ரொஃபைல் பெயரில் ஒரு ஃபோல்டர், அதற்குள் அதே பெயரில் ஒரு ஃபைல். ஃபோல்டரோடு பென் டிரைவில் எடுங்கள், பெயரை மாற்றாதீர்கள். அதே வரிசையின் அண்டர்கிரவுண்ட் 2 சேவ் இருப்பது, உங்கள் விண்டோஸ் பயனர் ஃபோல்டருக்குள் உள்ள ஆப்டேட்டாவின் லோக்கல் ஃபோல்டரில். ஆப்டேட்டா மறைந்திருக்கும் என்பதால் பலர் தவறவிடுகிறார்கள்.

ஃபைலின் பைட்களை நேரடியாகத் திருத்தும் ஹெக்ஸ் எடிட்டரில் கேம் காசை மாற்றினேன். இப்போது சேவ் பழுது என்று சொல்கிறது. (தலவாக்கலை)

நீங்கள் எண்ணைச் சரியாகவே மாற்றியிருக்கலாம். உதாரணமாக, 50,000 என்பது ஹெக்ஸில் (16 அடிமான எண்முறையில்) சி350. ஃபைலில் பைட்கள் பின்னிருந்து முன்னாக 50 சி3 00 00 என்று கிடக்கும். சிக்கல் அதில் இல்லை. மோஸ்ட் வோன்டட் போன்ற கேம்கள் ஃபைலில் உள்ள பைட்களைக் கொண்டு ஒரு சரிபார்ப்பு எண்ணைக் கணக்கிட்டு, அதையும் ஃபைலிலேயே எழுதிவைக்கின்றன. லோட் ஆகும்போது மறுபடி கணக்கிட்டுப் பார்க்கும். ஒரு பைட் மாறினாலும் விடை ஒத்துவராது, கேம் ஏற்காது. அந்த எண்ணையும் திருத்தித் தரும் சேவ் எடிட்டர்தான் வேண்டும், அதுவும் உங்கள் கேமுக்கென்றே எழுதப்பட்டதாக. மாற்றாத கொப்பி இருந்தால் அதைத் திரும்பப் போடுங்கள். இல்லாவிட்டால், மாற்றிய பைட்களைப் பழைய எண்ணுக்கே கொண்டுவாருங்கள். வேறெதையும் தொடாமலிருந்தால் சேவ் திறக்கும். என்னைக் கேட்டால், கரியர் முடியும்வரை காசைத் தொடாமல் ஆடுவதே நல்லது. கார் வாங்கச் சேர்ப்பதில்தான் அந்த கேமின் உயிர் இருக்கிறது.

நீட் ஃபோர் ஸ்பீட் ஹை ஸ்டேக்ஸ் சேவ் சில நாள் வருகிறது, சில நாள் காணோம். (பண்டாரவளை)

1999 கேம் அது, சேவ் ஃபைலைத் தன் ஃபோல்டரிலேயே எழுதப் பார்க்கும். புரோகிராம் ஃபைல்ஸுக்குள் போட்டிருக்கிறீர்களா? விஸ்டா பதிப்பிலிருந்து விண்டோஸ் அங்கே எழுத விடாமல், அதை ஆப்டேட்டா லோக்கலில் உள்ள வேர்ச்சுவல்ஸ்டோர் என்ற ஃபோல்டருக்குத் திருப்பிவிடுகிறது. அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்த நாளில் நேரே கேம் ஃபோல்டரில் எழுதும். அப்படித்தான் இரண்டு சேவ் உண்டாகியிருக்கும். இரண்டையும் எடுத்து வைத்துக்கொண்டு, கேமை சி டிரைவில் தனி ஃபோல்டரில் போடுங்கள்.

சேவ் ஆகும்போது கரண்ட் போய்விட்டது. மீட்கலாமா? (மஸ்கெலியா)

பாதியில் நின்ற ஃபைலை மீட்பது கடினம். மழைக்காலத்தில் ஆடி முடித்ததும் சேவ் ஃபோல்டரைத் தேதி போட்டு வேறிடத்தில் கொப்பி செய்யுங்கள், பழைய கொப்பிமேல் எழுதாமல்.